ஆறு கட்டை

மேக்கப் அறையில் காலை வைத்ததுமே அவளுக்குக் குமட்டும். பல பேர் வேர்வை ஊறிய சவுரி முடி, மீசை ஒட்டுகிற பசை, மூலையில் எவனோ பாதி தின்றுவிட்டு வைத்த ரொட்டி, அதில் மொய்க்கிற எறும்பு. இத்தனை வருஷத்தில் மூக்கு பழகியிருக்க வேண்டும். பழகவில்லை. முகத்தைச் சுளித்துக்கொண்டே வருவாள், அடுத்தவர் உட்கார்ந்த சூடு ஆறாத நாற்காலியை எடுத்துவிட்டு வேறொன்று போடச் சொல்வாள், பிறகுதான் உட்காருவாள்.

நாடகக் கம்பெனியில் அவளுக்குப் பெயரே 'ஆறு கட்டை'தான். கீபோர்டில் ஆறாவது வெள்ளைக் கட்டையைச் சுருதியாக வைத்துப் பாடுகிறவள் என்று அர்த்தம். அந்த உயரத்தில் நின்று ஒரு நாடகம் முழுக்கப் பாட நெஞ்சில் தெம்பு வேண்டும். அவளுக்கு இருந்தது. பின்வரிசையில் மரமாக நிற்கிற வேஷத்தில் கம்பெனிக்குள் வந்தவள். கதாநாயகிக்கு வாந்தி வந்த ஒருநாள், வேறு வழியில்லாமல் இவளை முன்னால் தள்ளினார்கள். மைக் செத்துப்போன அரங்கில் கடைசி வரிசைக்குக் கேட்கப் பாடினாள். அன்றைக்கு முன்னால் வந்தவள் திரும்பப் பின்னால் போகவேயில்லை. ராஜகுமாரி, கொலைகாரி, பைத்தியக்காரி, மகாராணி என்று போடாத வேஷமில்லை. கீபோர்டு வாசிக்கிறவரையே கல்யாணமும் செய்துகொண்டாள். சுருதியை வீட்டோடு கட்டி வைத்துக்கொண்டாள் என்று மற்றவர்கள் கேலி செய்வார்கள். ஒவ்வொரு பாட்டுக்கும் முன்னால் ஓரக்கண்ணால் புருஷன் விரலைப் பார்ப்பாள். ஆறாவது கட்டையில் விரல் இருக்கும். அதைப் பார்த்த பிறகுதான் வாயைத் திறப்பாள்.

அந்த வாரம் கம்பெனியில் ஒரு சின்ன கலவரம். அவளுடைய தங்கச்சி மகளும் அங்கேதான் நடிக்கிறாள், பாடுகிறாள். தொண்டை கட்டிக்கொண்ட அந்தப் பெண், ஒத்திகையில் தயங்கித் தயங்கிக் கேட்டாள்.

"பெரியப்பா, என் பாட்டை மட்டும் அரைக் கட்டை இறக்கி வாசிக்கிறீங்களா? தொண்டை சரியாகற வரைக்கும்தான்."

கேட்டது பெரியப்பாவிடம். பதில் வந்தது பெரியம்மாவிடமிருந்து.

"அரைக் கட்டை இறக்கணுமாம்ல! இன்னிக்கு அரை, நாளைக்கு ஒண்ணு. அப்புறம் எதுக்குடி பாட்டு, வசனமா ஒப்பிச்சிட்டுப் போயேன். சுருதியைக் குறைச்சுப் பாடறதும், அடுத்தவன் எச்சில் தட்டுல சாப்பிடறதும் ஒண்ணுதான். எனக்கு நினைச்சாலே குமட்டுது."

யாரும் சிரிக்கவில்லை. புல்லாங்குழல்காரர் குழலைத் துடைத்துக்கொண்டே இருந்தார். புருஷன் தரையைப் பார்த்தார். எல்லாரும் தனக்குப் பயந்து நிற்கிறார்கள் என்று அவள் நினைத்துக்கொண்டாள்.

அதோடு விட்டிருக்கலாம். முதலாளியிடமும் போனாள். அடுத்து வரப்போகும் புது நாடகத்தில் கதாநாயகி வேஷம் யாருக்கு என்று அவர் இன்னும் சொல்லவில்லை. வயதைப் பார்த்தால் தங்கச்சி மகளுக்குத்தான் பொருந்தும். அது அவளுக்கும் தெரியும், அதனால்தான் போனாள்.

"சுருதி நிக்காதவளை நடுவுல நிறுத்தினா கம்பெனி பேரு நாறிடும், சொல்லிட்டேன்."

முதலாளிக்குச் சங்கீதம் கிலோ என்ன விலை என்று தெரியாது. ஆனாலும் தலையாட்டினார். "ஞாயித்துக்கிழமை பகல் காட்சிக்கு நானே முன்வரிசையில உக்காந்து கேக்கறேன். யாரு சுருதி சுத்தமோ அவங்களுக்கு."

ஞாயிற்றுக்கிழமை தங்கச்சி மகள் கட்டிய தொண்டையோடு ஆறிலேயே பாடினாள். குரல் கரகரத்தது, ஆனால் நின்றது. திரைக்குப் பின்னால் நின்று கேட்ட பெரியம்மாவுக்கு அந்தக் கரகரப்பில் ஒரு திருப்தி.

கடைசிக் காட்சி அவளுடையது. செத்த மகனை மடியில் போட்டுக்கொண்டு மகாராணி பாடுகிற பாட்டு. பிணமாகக் கிடந்தவன் வாயிலிருந்து சிகரெட் நாற்றம் அடித்தது. மூச்சைப் பிடித்துக்கொண்டு அவள் பாட்டுக்குத் தயாரானபோது கரண்டு போனது. அரங்கமே விசில் அடித்தது. ஜெனரேட்டர் உறுமி, விளக்கு வந்தது. வழக்கம்போல ஓரக்கண்ணால் பார்த்தாள். புருஷன் விரல் ஆறாவது கட்டையில் இருந்தது. அவர் அழுத்தினார். புல்லாங்குழலும் சேர்ந்தது.

இரண்டும் சேரவேயில்லை. கீபோர்டு ஒரு சுருதியில், குழல் அதற்கு எவ்வளவோ கீழே. குழல்காரர் பதறிப்போய் வாயிலிருந்து குழலை எடுத்துவிட்டார். கையில் அந்த நீளமான குழல். அவளுடைய பாட்டுக்கு மட்டும் அவர் எடுக்கிற குழல் அது. தன் பாட்டுக்கென்றே ஸ்பெஷலாக வைத்திருக்கிறார் என்று அவள் பலரிடம் பெருமையடித்திருக்கிறாள். குழல் நீண்டால் சுருதி இறங்கும் என்பது கம்பெனியில் டீ வாங்கப் போகிறவனுக்குக்கூடத் தெரியும். அவளுக்கும் தெரியும். தெரிந்ததை இதுவரை யோசித்துப் பார்த்ததில்லை, அவ்வளவுதான்.

புருஷன் முகம் வெளுத்திருந்தது. நடுவில் மாற்ற முடியாது. அவள் பாடினாள். கீழ் வரிகள் எப்படியோ போயின. உச்சிக்கு ஏறுகிற இடத்தில் குரல் கிழிந்தது. நாய் ஊளையிடுகிற மாதிரி ஒரு சத்தம் தன் வாயிலிருந்து வருவதை அவளே கேட்டாள்.

அரங்கம் எழுந்து நின்று கை தட்டியது.

திரை விழுந்ததும் நேராகப் புருஷனிடம் போனாள்.

"எவ்வளவு இறக்கி வச்சிருந்தீங்க?"

"கரண்டு போனதுல ஏதோ..."

"எவ்வளவு?"

"நாலரை." அவர் கீபோர்டின் ஓரத்தில் ஒரு பொத்தானைக் காட்டினார். "இதை அழுத்தி வச்சா விரல் அங்கேயே இருக்கும், சுருதி மட்டும் இறங்கிடும். கரண்டு போனா பழையபடி ஆறுக்கே போயிடுது. அவசரத்துல மறந்துட்டேன். உனக்கு அந்தக் காய்ச்சல் வந்துச்சே, அப்பத்தான் முதல்ல அரை இறக்கினேன். அப்புறம் ரெண்டு தடவை. நீ நரம்பு புடைக்கப் பாடறதை என்னால பாக்க முடியல."

"யாருக்கெல்லாம் தெரியும்?"

அவர் சொல்லத் தேவையில்லை. குழல்காரருக்குத் தெரியும். கோரஸ் பாடுகிற அத்தனை பேருக்கும் தெரியும். கோரஸில் முதல் ஆளாக நிற்கிற தங்கச்சி மகளுக்குத் தெரியாமல் இருக்குமா? எச்சில் தட்டைப் பற்றி இவள் பேசியபோது அத்தனை பேரும் அதைத் தெரிந்துகொண்டே கேட்டிருக்கிறார்கள். திட்டியிருந்தால் தாங்கியிருப்பாள். அவர்கள் பரிதாபப்பட்டிருக்கிறார்கள், வருஷக்கணக்காக.

முதலாளி மேடைக்குப் பின்னால் ஓடி வந்தார். வேர்த்து நசநசத்த இரண்டு கையாலும் அவள் கையைப் பிடித்துக்கொண்டார்.

"உச்சியில குரலை உடைச்சீங்க பாருங்க! பெத்தவ வயிறு எரியறது அப்படியே தெரிஞ்சுதும்மா. புது நாடகம் உங்களுக்குத்தான், இனிமே பேச்சே கிடையாது." பக்கத்தில் நின்ற தங்கச்சி மகளைப் பார்த்தார். "பெரியம்மாவைப் பார்த்துக் கத்துக்கோம்மா. சுருதியைக் குறைக்கச் சொல்லிக் கேட்டியாமே?"

இப்போது சொல்லலாம். ஒரே ஒரு வாக்கியம் போதும். குழல்காரர், கோரஸ், சிகரெட் நாற்றத்தோடு எழுந்து வந்த பிணம் எல்லாரும் அவள் வாயையே பார்த்தார்கள். தங்கச்சி மகள் மட்டும் பார்க்கவில்லை.

"சின்னப் பொண்ணுதானே, பழகிக்குவா," என்றாள் அவள்.

சொன்ன வாய் தன்னுடையதுதானா என்று இருந்தது. முதலாளி போனபிறகும் கையில் அவருடைய ஈரம் இருந்தது. பாவாடையில் தேய்த்தாள். போகவில்லை. அது அவருடைய ஈரம்தானா என்றும் தெரியவில்லை.

மாலைக் காட்சிக்கு மறுபடி மணி அடிப்பதற்குள் புருஷன் மேக்கப் அறை வாசலில் வந்து நின்றார். இத்தனை வருஷத்தில் முதல் தடவையாக அவளைக் கேட்டார்.

"உன் பாட்டை எதுல வைக்கட்டும்?"

"நாலரையிலயே வைங்க."

"சின்னவளுக்கு? பாவம், காலைலேர்ந்து தொண்டையைப் பிடிச்சிட்டு இருக்கா. அரை இறக்கிடட்டுமா?"

அறையின் மறுகோடியில் தங்கச்சி மகள் உப்புத் தண்ணீர் கொப்பளித்துக்கொண்டிருந்தாள். இவர்கள் பேசுவது அவள் காதில் விழுகிறது. இன்றைக்கு அவளுக்கு இறக்கினால் யாராவது முதலாளி காதில் போடுவார்கள், ஏன் இந்தத் திடீர் கருணை என்று அவர் கேட்பார். ஒரு கேள்வி இன்னொரு கேள்வியில் கொண்டுபோய் விடும். வேஷம் கைக்கு வந்து இன்னும் ஒரு மணி நேரம்கூட ஆகவில்லை.

"வேணாம்," என்றாள். "அவளுக்கு ஆறுதான்."

தங்கச்சி மகள் திரும்பிப் பார்த்தாள். "சரி பெரியம்மா," என்றாள். குரலில் கோபமோ குத்தலோ எதுவும் இல்லை.

அவள் வந்து முகத்திலேயே காறித் துப்பியிருந்தால் இவளுக்கு எவ்வளவோ நிம்மதியாக இருந்திருக்கும். அவள் உப்புத் தண்ணீரை வாளியில் துப்பினாள், புறங்கையால் வாயைத் துடைத்துக்கொண்டாள், கண்ணை மூடி மெல்ல ஆறு கட்டையைப் பிடித்துப் பார்த்தாள்.