ஊட்டுளி

கூழ் சூடாக இருந்திருக்கிறது. அம்மா துப்பிவிட்டாள். பக்கத்தில் திறந்து வைத்திருந்த லேப்டாப்பில் ஒரு துளி தெறித்தது. அதுவும் சரியாக, கம்பெனியிலிருந்து காயத்ரி மேடம் அனுப்பியிருந்த படத்தின் மேல்.

"ஆத்திக் குடுக்க மாட்டியா கண்ணு? நாக்கு வெந்துபோச்சு."

போன மாதம் காப்பித் தோட்டத்துச் சரிவில் வழுக்கி விழுந்ததில் அம்மாவுக்கு வலது கை முறிந்தது. முழங்கை வரை மாவுக்கட்டு. இடது கைக்கு ஒரு குறையும் இல்லை. ஆனால் அதில் ஸ்பூனைக் கொடுத்தால், "பீச்சாங்கையில திங்கறதுக்கு நான் பட்டினியாவே கெடக்கறேன்" என்று முகத்தைத் திருப்பிக்கொள்வாள். அவளுக்கு ராசாத்தி என்று பெயர் வைத்தவர்கள் தெரிந்துதான் வைத்திருக்கிறார்கள். அதனால் மூன்று வேளையும் நான் ஊட்ட வேண்டும். ஏற்காட்டில் ஒரு லாட்ஜில் ரிசப்ஷனில் இருந்த என்னை, எங்கள் ஊர் கொட்டச்சேட்டுக்கே திரும்பி வரவைத்தது இந்தப் பிடிவாதம்தான்.

வந்த இடத்தில் கண்ணில் பட்டதுதான் அந்த விளம்பரம். சென்னையில் ஒரு கேம் கம்பெனி. அவர்கள் உருவாக்கும் விளையாட்டில் எங்குமே இல்லாத ஒரு உலகம், அதில் சிற்பிகளின் நகரம். அந்தச் சிற்பிகளின் கருவிகளுக்குத் தமிழில் பெயரும் ஒரு வரி விளக்கமும் எழுத வேண்டும். மொத்தம் பத்து. பிடித்துப்போனால் வேலை நிரந்தரம், வீட்டிலிருந்தே செய்யலாம். அம்மாவையும் பார்த்துக்கொண்டு வேலைக்கும் போவதென்றால் எனக்கு இதைவிட்டால் வேறு வழியே இல்லை. ஒரே ஒரு நிபந்தனை. எல்லாம் சொந்தக் கற்பனையாக இருக்க வேண்டும்.

கற்பனைக்கா பஞ்சம்? மூடுபனியை நெடுக்காக அறுக்கும் பனிரம்பம். சிற்பி தும்மும்போது மட்டும் அடிக்கும் தும்மல் சுத்தி. சிற்பி ஆசைப்படும் அளவையே காட்டும் பொய்க்கோல். செதுக்கியவன் பெயரைக் கல்லே மறந்துபோகும்படி தேய்க்கும் மறதி அரம். இப்படி ஒன்பதை இரண்டே நாளில் எழுதிவிட்டேன். பத்தாவதுதான் இழுத்தடித்தது. ஒரு மத்தியானம் அம்மாவின் கிண்ணத்தைக் கழுவி வைத்துவிட்டு வந்து, ஈரக்கையோடு 'ஊட்டுளி' என்று அடித்தேன். 'இது இல்லாமல் எந்தச் சிலையும் முடிவதில்லை' என்று விளக்கம் எழுதி அனுப்பிவிட்டேன்.

நான் நினைத்தது வீட்டு உளி. எந்த ஊரில் போய்ச் செதுக்கினாலும், கடைசியில் சிலையின் கண்ணைத் திறக்கும் உளி மட்டும் சிற்பியின் வீட்டைவிட்டு வெளியே வராது. சிலையைத் தூக்கிக்கொண்டு அவன்தான் வீட்டுக்கு வர வேண்டும். எங்கள் பக்கம் வீடு என்பது ஊடுதான். ஊட்டுச் சாவி, ஊட்டு வேலை, ஊட்டு உளி. எழுதும்போது எனக்கு ஒரு சந்தேகமும் வரவில்லை.

கேம் கம்பெனியின் காயத்ரி மேடத்திடமிருந்து மெயில் இன்று காலையில் வந்தது. 'பத்தில் இதுதான் உயிர். கல்லுக்கு ஊட்டும் உளி! கதையையே இதை வைத்து மாற்றுகிறோம். பத்து மணிக்குக் கூப்பிடுகிறேன். இந்த யோசனை எப்படி வந்தது என்று டீமுக்குச் சொல்லுங்கள்.' கூடவே படம். ஒரு பெண் சிற்பி பாதி செதுக்கிய முகத்தின் முன்னால் உட்கார்ந்திருக்கிறாள். அவள் கையிலிருக்கும் உளியின் முனை ஸ்பூனைப் போலக் குழிந்திருக்கிறது. கல் லேசாக வாயைத் திறந்திருக்கிறது.

எனக்கு ஒன்றும் ஓடவில்லை. உண்மையைச் சொன்னால் பத்தில் உயிரானது என்னுடையது இல்லை என்றாகிவிடும், வேலையும் போகலாம். சொல்லாவிட்டால் சொந்தக் கற்பனை என்று கொடுத்த வாக்கு பொய். அதைவிடப் பெரிய குழப்பம், படத்தைப் பார்க்கப் பார்க்க, அன்றைக்கு ஈரக்கையோடு நான் எதைத்தான் நினைத்தேன் என்று எனக்கே தெரியாமல் போய்விட்டது.

சரியாகப் பத்து மணிக்கு அழைப்பு வந்தது. எங்கள் வீட்டில் சிக்னல் கிடைப்பது அம்மாவின் கட்டிலையொட்டிய ஜன்னலில் மட்டும்தான். லேப்டாப்பை ஜன்னல் கட்டையில் வைத்தேன். கூழ் இன்னும் பாதி மிச்சமிருந்தது.

"வெண்ணிலா, டீம்ல எல்லாருக்கும் ஒரே கேள்விதான். கல்லுக்கு என்ன ஊட்டுவாங்க?" என்றார் காயத்ரி மேடம்.

நான் வாயைத் திறந்தேன். அதற்குள் அம்மா முந்திக்கொண்டாள்.

"கூழுதானுங்க! ஆனா ஆத்திக் குடுக்கோணும். சூடாக் குடுத்தா துப்பத்தான் செய்யும்."

அந்தப் பக்கம் கீபோர்டு தட்டும் சத்தம் கேட்டது. "செம! ஆறவெக்கலைன்னா கல் துப்பிடும். யாருங்க அது?"

"எங்கம்மாங்க மேடம்." அதற்கு மேல் எனக்குத் தாங்கவில்லை. "ஒரு தப்பு நடந்துபோச்சுங்க. அது ஊட்டுளி இல்லீங்க. ஊட்டு உளிங்க."

"அதத்தானே நானும் சொல்றேன்?"

"இல்லீங்க மேடம், ஊடுங்க. நீங்க வீடும்பீங்களே, அது. வீட்டு உளி. வீட்டவிட்டு வெளிய போகாத உளிங்க."

அந்தப் பக்கம் யாரோ சிரித்தார்கள்.   

"அப்போ இந்தப் படம் தப்பா?" காயத்ரி மேடத்தின் குரலில் கோபம் இல்லை. நிஜமாகவே தெரிந்துகொள்ளத்தான் கேட்டார். "சொல்லுங்க வெண்ணிலா. ரெண்டுல எது உங்களோடது?"

"ஏன் கண்ணு, வாயத் தொறந்துக்கிட்டே கெடக்கோணுமா நானு?" என்றாள் அம்மா.

ஸ்பூன் என் கையில் பாதி தூரத்தில் நின்றிருந்தது. திரையில் அந்தப் படத்துப் பெண்ணின் முழங்கையில் கூழ்த்துளி காய்ந்து ஒட்டியிருந்தது.

"வெண்ணிலா? லைன்ல இருக்கீங்களா?"

"இருக்கேனுங்க மேடம், ஒரு நிமிசம்" என்று சொல்லிவிட்டு, ஸ்பூனை என் வாயருகே கொண்டுவந்து ஊதினேன்.