எழுபத்திரண்டு மணி நேரப் பூட்டு

என் விளையாட்டுக் கணக்கைப் புதன்கிழமை சாயங்காலம் பூட்டிவிட்டார்கள். தப்பு என்னுடையதுதான். ஆனால் அது தப்பு என்று கோட்டைக்குப்பத்தில் ஒருத்தரும் சொல்ல மாட்டார்கள்.

போனில் ஆடுகிற ஆட்டம் அது. இரண்டிரண்டு பேராக ஒரு தீவில் இறங்கி, மற்ற ஜோடிகளைச் சுட்டுத் தள்ளிவிட்டுக் கடைசிவரை உயிரோடு இருக்க வேண்டும். பி.எஸ்சி. கம்ப்யூட்டர் சயின்ஸ் முடித்துவிட்டு ஒன்றரை வருடமாக வீட்டில் சும்மா இருக்கிறவளுக்கு வேறு என்ன வேலை? ஆடினேன். என் பெயர் வித்யா. ஆட்டத்தில் கொடுவா, எங்கள் ஏரி மீன் ஒன்றின் பெயர். என் ஜோடியின் பெயர் சீனிச்சேவு, நிஜத்தில் ஜெசிந்தா. கோயம்புத்தூர்ப் பக்கம் ஒரு நூல் மில்லின் விடுதியில் இருந்தாள். ஷிப்ட் முடிந்ததும் அறையில் கூட இருப்பவளின் போனை ஒரு மணி நேரம் வாங்கி ஆடுவாள். சுடுவதில் படுமட்டம். எதிரே யாராவது வந்தால், "யக்கா, ஆளு, ஆளு!" என்று கத்திக்கொண்டே புதருக்குள் ஓடிவிடுவாள். நான் சுடுவேன், அவள் பேசுவாள். ஐம்பத்தேழு நாள், ஒரு நாள் விடாமல்.

இந்த ஊரில் என்னோடு பேச ஆள் கிடையாது. கூடப் படித்த பெண்களுக்கெல்லாம் கல்யாணமாகிவிட்டது. பெரியவர்களிடம் ஒரே கேள்விதான் இருக்கிறது: "இன்னா, இன்னும் வேல கெடைக்கலயா?" பெண்கள் கூட்டமாக உட்கார்ந்திருக்கும் இடத்துக்கு நான் போனால் பேச்சு நின்றுவிடும். யாராவது ஒருத்தி உள்ளே போய் ரேஷன் கார்டு விண்ணப்பத்தை எடுத்துவந்து நீட்டுவாள். எழுதிக் கொடுத்ததும் என் வேலை முடிந்தது. ஜெசிந்தா மட்டும்தான், "சாப்ட்டியாக்கா?" என்று கேட்டுவிட்டுப் பதிலுக்காகவும் காத்திருந்தாள்.

அவளிடம் நான் ஒரு பொய் சொல்லியிருந்தேன். சென்னையில் ஐ.டி. கம்பெனியில் வேலை, பதினோராவது மாடி என்று. முதல் நாள் வாயில் வந்ததைச் சொன்னது. அப்புறம் அந்த மாடியிலிருந்து இறங்க முடியவில்லை.

செவ்வாய்க்கிழமை நாலு மணி ஆட்டத்தில் அவள் சொன்னாள்: "யக்கா, சனிக்கிழமையோட என் கான்ட்ராக்ட் முடியுது. ஊருக்குப் போயிருவேன். இந்த போனு இவளோடது, அங்கன எனக்கு போனு கெடையாது. உன் நம்பரச் சொல்லு, எங்கம்மா போன்ல இருந்து கூப்புடுதேன். ஒரு நா வந்து உன் ஆபீஸயும் பாத்துட்டுப் போறேன்."

அவள் ஊர் விளாத்திகுளம் பக்கம் என்பதற்கு மேல் எனக்கு எதுவும் தெரியாது.

"நாளைக்குச் சொல்றேன்" என்றேன். பதினோரு மாடியை எப்படி இடிப்பது என்று யோசிக்க எனக்கு ஒரு நாள் வேண்டியிருந்தது.

மறுநாள் புதன்கிழமை நைனாவின் பாடு, அதாவது என் அப்பாவின் பாடு. வெளியூர்க்காரர்களுக்கு இதைச் சொல்லியாக வேண்டும். பழவேற்காடு ஏரியில் மீன் ஓடுகிற நல்ல இடங்களில் வலை கட்ட எங்களுக்குள் முறை உண்டு. இன்றைக்கு இவர், நாளைக்கு அவர். அந்த முறைக்குத்தான் பாடு என்று பெயர். விட்டால் போச்சு, அடுத்த சுற்று வரைக்கும் காத்திருக்க வேண்டும். நைனாவின் காலில் முந்தின நாள்தான் கெளுத்தி முள் ஏறியிருந்தது. கால் தலையணை மாதிரி வீங்கி, கட்டிலை விட்டு இறங்க முடியாமல் படுத்திருந்தார்.

"நான் போறேன் நைனா" என்றேன்.

கோபால் சித்தப்பா சிரித்தார். "நீ இன்னாத்துக்கும்மா? உன் டிகிரி நனஞ்சிடப் போவுது."

"காயப் போட்டுக்கறேன். இன்னா இப்போ?"

"பாடு ஆம்பள பேருலதான்மா" என்றார் நைனா, என் முகத்தைப் பார்க்காமல்.

சித்தப்பா போனார். நைனாவின் இடத்தில், நைனாவின் பேரில் வலை கட்டினார். இறால் எங்கள் வீட்டுக்கு வந்தது. ஊரில் ஒருத்தரும் கேள்வி கேட்கவில்லை. ஒருவனுக்கு உடம்பு முடியாவிட்டால் அவன் முறையில் சொந்தக்காரன் போவான். அதில் கேட்பதற்கு ஒன்றும் இல்லை.

அந்த இறாலைத் திருப்பாலைவனத்தில் விற்க அம்மாவோடு நான் போனேன். காலையிலிருந்து கரண்ட் இல்லாததால் என் போன் வீட்டில் செத்துக் கிடந்தது. அந்த ஆட்டத்துக்கு மாலை ஐந்தரையோடு ஒரு நாள் முடியும். அதற்குள் ஒரு முறையாவது ஆடாவிட்டால் ஐம்பத்தேழு நாள் அறுந்து, எங்கள் ஜோடி பூஜ்யத்துக்கு வந்துவிடும். அம்மாவின் பட்டன் போனிலிருந்து தீனாவைக் கூப்பிட்டேன். அத்தை மகன், மீஞ்சூரில் செல்போன் கடையில் இருக்கிறான்.

"தீனா, என் பேருல ஒரே ஒரு ஆட்டம் போட்டுடுடா. பாஸ்வேர்டு சொல்றேன்."

"இன்னா குடுப்ப?"

"ஒத குடுப்பேன்."

"சரி, சொல்லு."

சொன்னேன். சித்தப்பா நைனாவுக்குக் கட்டிய மாதிரி தீனா எனக்குக் கட்டப் போகிறான். அவ்வளவுதான் நினைத்தேன்.

வீட்டுக்கு வந்து, கரண்ட் வந்து, ஆறு மணிக்கு ஜெசிந்தாவுக்காகப் போனைத் திறந்தால்: "உங்கள் கணக்கை வேறொருவர் பயன்படுத்தியதாகச் சந்தேகிக்கிறோம். கணக்கு இருபத்துநான்கு மணி நேரத்துக்குத் தற்காலிகமாக முடக்கப்பட்டுள்ளது." அடியில் ஒரு கடிகாரம், பின்பக்கமாக ஓடிக்கொண்டிருந்தது.

தீனாவைக் கூப்பிட்டுக் கத்தினேன்.

"ஏய், கத்தாத. கடை போன்லதான் போட்டேன். அதுல இந்த ஏரியா பசங்க இருவது பேரு கணக்கு கீது. நான் இன்னா பண்ண? ஜெயிச்சிதான் குட்த்தேன், அத்த சொல்லமாட்ட."

ஆட்டத்தை நடத்துகிற கம்பெனிக்குக் கடிதம் எழுதினேன், இங்கிலீஷில். ஆடினவன் என் அத்தை மகன், நான் சொல்லித்தான் ஆடினான், இதில் திருட்டு ஒன்றும் இல்லை என்று. ஒரு நிமிடத்தில் பதில் வந்தது. கணக்கைப் பிறரிடம் கொடுப்பதுதான் குற்றமாம். நானே எழுதிக் கொடுத்த வாக்குமூலம். என்னிடம் தாசில்தார் கொடுத்த முதல் பட்டதாரி சான்றிதழ் இருக்கிறது. எங்கள் வம்சத்திலேயே முதலில் படித்தவள் நான்தான் என்று அரசாங்கமே ஒத்துக்கொண்டிருக்கிறது. நான்தான் நான் என்று இவர்களிடம் சொல்ல அது உதவவில்லை.

வியாழக்கிழமை முழுக்க அந்தக் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். நம்பரோடு உண்மையையும் சொல்லிவிடுவது என்று முடிவு செய்திருந்தேன். வாக்கியத்தைக்கூடத் தயார் செய்துவிட்டேன்: "நான் மாடியில இல்ல, ஏரிக்கரையில இருக்கேன்." மாலையில் இன்னும் இருபது நிமிடம் பாக்கி. பேசாமல் இருந்திருக்கலாம். ஒன்றரை வருடம் சும்மா இருந்தவளால் இருபது நிமிடம் சும்மா இருக்க முடியவில்லை. பாஸ்வேர்டைப் போட்டேன். முடியாது என்றது. திரும்பப் போட்டேன். மறந்துவிட்டது என்று அழுத்தினேன். புதிதாக ஒன்று வைத்தேன். அந்தப் பாழாய்ப்போன திரையைக் கட்டைவிரலால் குத்திக்கொண்டே இருந்தேன். கடிகாரம் சட்டென்று மறைந்து வேறொன்று வந்தது. "தொடர்ந்து முயன்றதால் எழுபத்திரண்டு மணி நேரம்."

எண்ணிப் பார்த்தேன். ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம்.

போனைச் சுவரில் அடிக்கக் கை ஓங்கினேன். அம்மா பார்த்துக்கொண்டே நின்றாள்.

"ஒட. ஒடச்சிட்டு இன்னாத்துல பேசுவ?"

"உனக்கு ஒண்ணும் தெரியாது, போ."

"யார்டி அது, மில்லுல கீற பொண்ணா? மூஞ்சி பாத்துக்கிறியா?"

"இல்ல."

"மூஞ்சி தெரியாத பொண்ணுக்கா இந்த அழுவ?"

"நான் அழுவல."

"சரி, அழுவல. வந்து துன்னு."

வெள்ளிக்கிழமை புதிதாக ஒரு கணக்குத் திறந்தேன். புதியவர்கள் ஐந்தாம் படிக்கு ஏறும்வரை யாருக்கும் செய்தி அனுப்ப முடியாது. ஏறினேன். முன்பின் தெரியாதவர்களோடு தீவில் இறங்கினேன். என் பக்கத்தில் ஒருவன் வாய் ஓயாமல் இந்தியில் திட்டிக்கொண்டிருந்தான். சுட்டேன், செத்தேன், திரும்ப இறங்கினேன். மணிக்கணக்காக ஆட எங்கள் தெருவில் சிக்னல் நிற்காததால், பழவேற்காடு பாலத்தின் கைப்பிடிச் சுவரில் உட்கார்ந்து ஆடினேன். பைக்கில் போகிறவர்கள் திரும்பித் திரும்பிப் பார்த்தார்கள். "இன்னா வித்யா, பாலத்துலயே குடும்பமா?" என்று யாரோ கேட்டுவிட்டுப் போனான். நான் நிமிரவில்லை. ஐந்தாம் படி வந்தபோது சனிக்கிழமை மாலை ஆறரை. சீனிச்சேவைத் தேடி, "ஜெசி, நான்தான், கொடுவா" என்று அனுப்பினேன். அவள் பெயருக்குப் பக்கத்தில் பச்சைப் புள்ளி இல்லை. "கடைசியாக வந்தது நாற்பது நிமிடம் முன்" என்றிருந்தது.

இருட்டும்வரை உட்கார்ந்திருந்தேன். நாற்பது நிமிடம் ஒரு மணி நேரமாயிற்று. இரண்டு மணி நேரமாயிற்று.

ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் கணக்கு தானாகத் திறந்துகொண்டது. ஒன்றுமே நடக்காத மாதிரி, "மீண்டும் வருக, கொடுவா!" என்று பட்டாசு வெடித்துக் காட்டியது. எங்கள் ஜோடியின் நாள் கணக்கு பூஜ்யம். செய்திப் பெட்டியில் அவள் அனுப்பியவை வரிசையாக இருந்தன.

வியாழன்: "யக்கா எங்க போன". வெள்ளி: "கோவமா? நம்பர் கேட்டது புடிக்கலைன்னா குடுக்க வேண்டாம்". அப்புறம், "சும்மா வந்து ஆடு போதும்".

சனிக்கிழமைச் செய்திகள் பத்து. முதலாவது: "கெளம்பிட்டேன், பஸ்ஸுக்கு நேரமாச்சு". இரண்டாவது: "எங்கம்மா நம்பர்", அதற்குப் பிறகு பத்து நட்சத்திரம். எண்களை எழுதினால் இந்த ஆட்டம் நட்சத்திரமாக மாற்றிவிடும். அது அவளுக்கு அப்போதுதான் தெரிந்திருக்க வேண்டும். மூன்றாவது செய்தியில் ஒரே ஒரு வார்த்தை: "ஒம்பது". நான்காவது: "நாலு". ஒவ்வொரு எண்ணையும் எழுத்தாக்கி, ஒரு செய்திக்கு ஒன்றாக அனுப்பியிருக்கிறாள். மடமடவென்று கீழே தள்ளினேன். பத்தாவது செய்தியோடு நின்றுவிட்டது. பதில் போடாத ஒருவருக்கு ஒரு நாளில் பத்துச் செய்திக்கு மேல் அனுப்ப விடமாட்டார்கள். அதுவும் விதி.

எட்டு எண் இருந்தது. இரண்டு இல்லை.

நோட்டை எடுத்து எட்டையும் எழுதினேன். பாக்கி இரண்டு இடத்துக்கு நூறு வழி. இதைக் கணக்குப் போட பட்டம் தேவையில்லை. போனை எடுத்துக்கொண்டு பாலத்துக்குப் போய் உட்கார்ந்தேன்.

பூஜ்யம் பூஜ்யம்: அப்படி ஒரு எண்ணே உபயோகத்தில் இல்லை. பூஜ்யம் ஒன்று: ஒரு ஆள் எடுத்தான். "யாருங்க?"

"கோட்டைக்குப்பத்துலேர்ந்து வித்யா பேசறேன். ஜெசிந்தா இருக்காங்களா?"

"எந்த ஜெசிந்தா? நீங்க எங்கேர்ந்து பேசறீங்க, திரும்பச் சொல்லுங்க?" பல்லிளிக்கிற குரல். வைத்துவிட்டேன்.

ஒவ்வொன்றாகப் போட்டேன். சிலர் எடுக்கவில்லை; அவற்றைச் சுழித்து வைத்தேன். சிலர் திட்டினார்கள். ஒரு குழந்தை எடுத்து, வைக்கத் தெரியாமல் மூச்சு விட்டுக்கொண்டே இருந்தது. எல்லோரிடமும் ஊர் பேரைச் சொன்னேன்.

பதினேழில் ஒரு அம்மாள் எடுத்தாள். பின்னால் ஆடு கத்தியது. போனைக் காதோடு அழுத்திக்கொண்டேன்.

"கோட்டைக்குப்பத்துலேர்ந்து வித்யா பேசறேன்மா. ஜெசிந்தா இருக்காளா?"

"அப்பிடி ஆரும் இங்கன இல்லியே தாயி."

அவள் உடனே வைக்கவில்லை. நானும் வைக்கவில்லை. ஆடு இன்னொரு முறை கத்தியது. பிறகு அவள்தான் வைத்தாள்.

நோட்டில் பதினேழை அடித்துவிட்டுப் பதினெட்டைப் போட்டேன்.