தானாக வந்த தண்ணீர்

குழாய்க்காரரின் மகள் மீது, அவளுடைய ஆறாவது வயதிலிருந்து, தினமும் விடிகாலை நாலரை மணிக்குப் பனி இறங்கியது. அறைக்குள்ளேதான். போர்வை மீது, தலையணை மீது, முக்கியமாகத் தலைமுடி மீது. பக்கத்துக் கட்டிலில் படுத்திருந்த அப்பா அம்மா மீது ஒரு சொட்டுகூட விழவில்லை. ஊருக்கு மேலே கூரை போட்டு மூடி அப்போது முப்பத்தோரு வருடம் ஆகியிருந்தது. மண், செடிகொடி, வெயில், மழை எல்லாம் கூரைக்கு அந்தப் பக்கம். இந்தப் பக்கம் விளக்கு போட்டால் பகல், விசிறி சுற்றினால் காற்று. அதனால் பனி என்ற சொல்லே அந்த வீட்டில் யாருக்கும் தோன்றவில்லை. ஈரம் என்றால் எங்கேயோ குழாய் ஒழுகுகிறது, அவ்வளவுதான்.

வீட்டுக்காரர் குழாய்க்காரராக வேறு இருந்துவிட்டதால் காரியம் இன்னும் கெட்டது. வேறு யாராவது என்றால் வாளி வைத்துவிட்டுச் சும்மா இருந்திருப்பார்கள். இவர் ஒரே மாதத்தில் மூன்று முறை மேல்தளத்தை உடைத்தார். அங்கே குழாயே இல்லை. இல்லாத குழாயைக் கண்டுபிடிக்க மேல் வீட்டுக்காரரின் தரையையும் உடைக்கத் தயாரானபோது மனைவி குறுக்கே வந்து நின்றாள். "ஏங்க, உடைச்ச வரைக்கும் போதும். கட்டிலைக் கொஞ்சம் நகர்த்திப் பாருங்க." நகர்த்திப் பார்த்தார்கள். பனி சமையலறைக்கு வந்தது. அங்கிருந்து நடைக்கும் வந்தது. பிள்ளை எங்கே படுத்தாளோ அங்கே வந்தது. அன்று காலை அவர் ஏணியின் நடுப்படியில் உட்கார்ந்து, இருபத்திரண்டு வருட சர்வீஸில் முதல் முறையாக, இந்த ஒழுகல் தனக்குப் புரியவில்லை என்று ஒத்துக்கொண்டார். அதற்குப் பிறகு அந்தப் பேச்சையே எடுக்கவில்லை. உடைத்த இடத்தை மட்டும் நன்றாகப் பூசிக்கொடுத்தார்.

மனைவிக்கு அப்படி விட முடியவில்லை. ஏனென்றால் அது தன்னால் வந்தது என்று அவள் நினைத்தாள். காற்று நிலையத்தில் சல்லடை கழுவுவது அவள் வேலை. வெளிக்காற்று ஊருக்குள் நுழையும் இடத்தில் கதவு அகலத்துக்குச் சல்லடைகள் இருக்கும். அவற்றில் படிந்த தூசியைக் கழுவி, பிறகு தன் உடுப்பை மூன்று தண்ணீரில் அலசிவிட்டுத்தான் வீட்டுக்குக் கிளம்ப வேண்டும். ஒரு நாள், ஒரே ஒரு நாள், பஸ் போய்விடுமே என்று இரண்டு தண்ணீரோடு விட்டுவிட்டாள். உடம்பு அவ்வளவு ஓய்ந்திருந்தது. வீட்டுக்கு வந்ததும் பிள்ளை ஓடிவந்து கட்டிக்கொண்டாள். ஈரம் தொடங்கியது அதற்கு அடுத்த வாரம். வேறென்ன ருசு வேண்டும்?

கசிவுச் சட்டம் எல்லோருக்கும் தெரிந்ததுதான். தண்ணீர் என்றால் குழாயில் வரவேண்டும். தானாக வந்த தண்ணீர் வெளியின் தண்ணீர். வெளி ஒட்டிய பிள்ளையை உலர் இல்லத்துக்கு அனுப்பிவிடுவார்கள். மாதம் ஒருமுறை கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நிறுத்திக் காட்டுவார்கள். மூன்றாம் மாடித் தையல்காரியின் மூத்த மகளை அப்படித்தான் கொண்டுபோனார்கள். அந்தப் பெண்ணின் தலையணைக்குள் சில்வண்டு கத்தியது. தலையணையைப் பிரித்துப் பார்த்தால் வெறும் பஞ்சு. இரண்டு வருடம் கழித்துத் திரும்பி வந்தாள். நல்ல சதை போட்டிருந்தாள், தலை வகிடெடுத்து வாரியிருந்தது. எதைக் கேட்டாலும் "சரி" என்றாள். பெற்ற தாய் மடியில் போட்டு உலுக்கிக் கேட்டபோதும் "சரி" என்றுதான் சொன்னாள்.

பள்ளிக்கூட வாசலில் தினமும் சோதனை உண்டு. டீச்சர் கையில் ஒற்றுத்தாள் கட்டு இருக்கும். ஒவ்வொரு பிள்ளையின் உச்சந்தலையிலும் தாளை ஒற்றி எடுப்பார். தாள் ஈரத்தில் கறுத்தால் பெயரை எழுதி, அந்தத் தாளையும் அதோடு ஊசியால் குத்தி மேலிடத்துக்கு அனுப்ப வேண்டும். பிள்ளையை அனுப்பாமல் வீட்டில் வைத்துக்கொள்ளவும் வழியில்லை. வராத பிள்ளையின் வீட்டுக்கு அன்று மதியமே ஆள் வரும். ஆகவே சல்லடைக்காரி நாலரைக்கு எழுந்தாள். தலைக்கு டிரையர் பிடித்து முடியை ஒவ்வொரு கொத்தாகக் காய வைத்தாள். மொட்டையடித்தும் பார்த்தாயிற்று, மொட்டைத் தலையில் பனி இன்னும் அழகாக, முத்து முத்தாக நின்றது.

"அம்மா, சுடுது."

"கொஞ்சம் பொறுத்துக்கோடி. முடிஞ்சுது."

"எனக்கு மட்டும் ஏம்மா இப்படி?"

"உனக்கு மட்டும்தான். யார்கிட்டயும் வாயத் திறக்காத."

இப்படியே ஆறு வருடம் ஓடியது. ஆறு வருடத்தில் அவள் மூன்று டிரையர் மாற்றினாள். பஸ்ஸில் தூங்கினாள், சல்லடை மீது கன்னத்தை வைத்துத் தூங்கினாள், கணவர் பேசிக்கொண்டிருக்கும்போதே தூங்கினாள். அழக்கூடத் தெம்பில்லை, அழுதாலும் இந்தப் பாழாய்ப்போன ஈரம்தானே என்று அலுத்துக்கொண்டாள். காலையில் லிஃப்டில் இறங்கும் பெண்கள் எல்லோருக்கும் கண் வீங்கித்தான் இருந்தது. இவர்களுக்கென்ன, ராஜபோகமாகத் தூங்கி வழிகிறார்கள் என்று அவள் நினைத்துக்கொள்வாள். அவர்களும் இவளைப் பற்றி அதையேதான் நினைத்தார்கள். அந்தக் கட்டடத்துக்காரர்கள் விடியுமுன்னே எழுந்து சுறுசுறுப்பாகக் கரண்ட் செலவழிக்கிறார்கள் என்று மின்சார அலுவலகம் ஒரு பாராட்டுக் கடிதம்கூட அனுப்பி, அது கீழே கண்ணாடிச் சட்டத்தில் தொங்கியது.

ஏழாம் வருடம் ஒரு செவ்வாய்க்கிழமை, நாலேமுக்காலுக்கு, அந்த வட்டாரத்துக்கே கரண்ட் கொடுக்கும் ட்ரான்ஸ்ஃபார்மர் எரிந்தது. சல்லடைக்காரி இருட்டில் துண்டால் துடைத்தாள், தன் உடுப்பால் துடைத்தாள், பழைய பேப்பரைக் கசக்கி ஒற்றினாள். ஈரம் போகவில்லை. கடைசியில் பிள்ளையின் தலையில் தொப்பியை அழுத்தி மாட்டி, கையைப் பிடித்துக்கொண்டு எட்டு மாடியும் இறங்கினாள். ஆறாம் மாடியில் ஒரு தாய் தன் மகன் தலையில் தலையணை உறையைக் கட்டி இழுத்துவந்தாள். ஐந்தில் இருவர். நான்காம் மாடியில் லிஃப்ட் இயக்குகிற அக்கா, சொட்டச் சொட்ட இரண்டு பையன்களோடு நின்றாள். படிக்கட்டில் கால் வழுக்கியது.

"உங்க வீட்லயுமா?" என்றாள் அக்கா.

"ஆறு வருஷமா."

"எங்க வீட்ல ஏழு. ஒரு நாள் ஏதோ கோவத்துல தூங்கற பிள்ளைய அடிச்சுட்டேன், அதனாலதான்னு இருந்தேன்."

சல்லடைக்காரிக்குச் சந்தோஷம் வரவில்லை, கோபம்தான் வந்தது. ஆறு வருடத் தூக்கத்தை யாரிடம் போய்க் கேட்பது? மூன்றாம் மாடிக்கு வந்தபோது அந்தக் கோபமும் வாயை மூடிக்கொண்டது. தையல்காரி தன் இளைய மகளோடு வெளியே நின்றிருந்தாள். சின்னவள் தலையும் நனைந்திருந்தது. தையல்காரி மேலிருந்து இறங்கி வந்த ஒவ்வொரு தலையையும் பார்த்தாள். "அப்ப என் பெரியவள மட்டும் ஏன் கொண்டுபோனாங்க?" என்று கேட்டாள். சல்லடைக்காரி அவள் கையிலிருந்த புத்தகப்பையை வாங்கிக்கொண்டாள், எல்லோரும் சேர்ந்தே நடந்தார்கள்.

வாசலில் டீச்சர் முதல் பிள்ளையின் தலையில் தாளை ஒற்றினார். கறுத்தது. இரண்டாவதும் கறுத்தது. வருடத்துக்கு ஒரு கட்டு தாள்தான் கொடுப்பார்கள். நனையாத தாளையே மறுபடி மறுபடி வைத்து ஓட்டிக்கொண்டிருந்தார். நாற்பதாவது பிள்ளையோடு கட்டு முடிந்தது. தெருக்கோடி வரை வரிசை நின்றது. மிச்ச வரிசையில் ஏழாவதாக, நனைந்த தலையோடு, டீச்சரின் சொந்தப் பேத்தி. டீச்சர் கறுத்த தாள்கள் எல்லாவற்றையும் சேர்த்துக் கையில் பிழிந்தார். விரல் இடுக்கில் தண்ணீர் ஒழுகியது.

"தாள் தீர்ந்துபோச்சு. உள்ள போங்க," என்றார்.

உலர் இல்லத்தில் அறுபது படுக்கை. பிள்ளைகள் ஆயிரத்து இருநூறு பேர். மேலிடம் இரண்டு வாரம் கூடிப் பேசிவிட்டு, காலை ஏழு மணிக்கு முன் வரும் ஈரம் கசிவில் சேராது என்று ஓர் உத்தரவு போட்டது. வகுப்பு வாசல்களில் துண்டு மாட்ட ஆணி அடித்தார்கள். தையல்காரியின் மூத்த மகள் அந்தத் துண்டுகளுக்கு ஓரம் தைத்துக் கொடுத்தாள்.

உத்தரவு வந்த மறுநாளும் சல்லடைக்காரி பழக்கதோஷத்தால் நாலரைக்கே விழித்துக்கொண்டாள். கை தானாக டிரையரைத் தேடியது. பிறகு நினைவு வந்து சும்மா படுத்திருந்தாள். மகளின் நெற்றி ஓரத்து முடியில் ஒரு துளி உருவானது. அதற்குப் பக்கத்தில் இன்னொன்று. ஆறு வருடமாகத் துடைத்தவள், அது வருவதை ஒரு நாளும் பார்த்ததில்லை. இவ்வளவு மெதுவாகவா வருகிறது என்று நினைத்தாள். முழுதும் பார்க்க வேண்டும் என்றுதான் நினைத்தாள், ஆனால் பாதியிலேயே தூங்கிவிட்டாள்.