கேட்காமல் வைத்த பெயர்

"கல்லா, ஓடா?" என்று கேட்டேன்.

"ஓடுதான்டி. பையன் வேணும்னாதானே கல்லு? இந்த வீட்டு ஆம்பளைங்களைப் பார்த்தப்புறமும் இன்னொண்ணு வேணுமாக்கும்!" என்றாள் ஒப்துலியா.

"பேரு கூட யோசிச்சாச்சா?"

"காசில்டா. கல்யாணத்துக்கு முன்னாடியே எடுத்து வெச்சது. நீ அதுல கண்ணு வெச்சே, தொலைச்சுடுவேன்."

"உன் பேரு எனக்கெதுக்கு அக்கா? எனக்குப் பொறந்தா பையன்தான். நீயே பத்திரமா வெச்சுக்க."

இருபத்தைந்து ஆண்டுகளுக்கு முன், மே மாதத் திருவிழா நாளில், புனித காசில்டா கோயில் பாறையின் அடிவாரத்துக் கிணற்றருகே நாங்கள் பேசியது இது. ஒப்துலியா என் ஓரகத்தி, என் கணவரின் அண்ணன் மனைவி. அவளுக்குக் கல்யாணமாகி ஆறு வருடம், குழந்தையில்லை. எனக்குக் கல்யாணமாகி ஐந்தே மாதம். சும்மா துணைக்குப் போயிருந்தேன். எங்கள் புரேபா பக்கத்துப் பெண்கள் மகன் வேண்டுமென்றால் அந்தக் கிணற்றில் கல்லைப் போடுவார்கள், மகள் வேண்டுமென்றால் கூரை ஓடு.

அவள் கைக்குட்டையில் சுற்றிக் கொண்டுவந்த ஓடு பேருந்து நெரிசலில் இரண்டாக உடைந்திருந்தது. ஒரு பாதியைப் போட்டாள், சிலுவை போட்டுக்கொண்டாள், கோயில் படி ஏறத் தொடங்கினாள். மறுபாதி கிணற்றுக் கல்லின் மேல் கிடந்தது. அதை எடுத்து நான் போட்டேன். விளையாட்டா, ஆசையா, இன்றுவரை எனக்கே தெரியாது.

அடுத்த ஏப்ரல் ஒன்பதாம் தேதி, புனித காசில்டாவின் திருநாளன்றே, எனக்கு மகள் பிறந்தாள்.

"அவளே நாள் பார்த்து அனுப்பியிருக்கா. வேற பேரு வெச்சா முகத்தைத் திருப்பிக்குவா" என்றார் மாமியார். பிறந்த நாளுக்குரிய புனிதரின் பெயரை வைப்பதுதான் எங்கள் பக்கத்து வழக்கம். என் கணவர் எவுதிக்கியோ மட்டும் தொட்டிலருகே தயங்கி நின்றார்.

"அண்ணிகிட்ட ஒரு வார்த்தை கேட்டுடலாமே, நிவெஸ்?"

"நான் பேசிக்கறேன்" என்றேன்.

பேசவில்லை. மாமியார் மேல் பழியைப் போடலாம்தான். ஆனால் அந்தப் பெயர் எனக்கும் பிடித்திருந்தது. ஞானஸ்நானத்தில் பாதிரியார் பெயரைக் கேட்டபோது எல்லோரையும் முந்திக்கொண்டு சொன்னவள் நான். ஒப்துலியா மெழுகுவத்தியோடு நின்றாள். அந்தப் பக்கம் நான் திரும்பவில்லை.

அவளுக்குக் குழந்தை பிறக்கவேயில்லை. என் மகளுக்குச் சடை பின்னியது, அம்மை போட்டபோது பக்கத்தில் படுத்தது, சைக்கிள் பழக்கியது எல்லாம் அவள்தான். ஒன்றே ஒன்று. பெயரைச் சொல்லி ஒருநாளும் கூப்பிட்டதில்லை. 'வாலு' என்பாள், 'மகராணி' என்பாள், ஒன்றுமில்லையென்றால் 'பொண்ணே'. வேறு யாரும் இதைக் கவனித்ததாகத் தெரியவில்லை. எனக்கு ஒவ்வொரு தடவையும் சுருக்கென்றது.

ஜூனில் மகளுக்குக் கல்யாணம். இந்த வருடத் திருவிழாவுக்கும் மூவருமாக வந்து, புல்வெளியில் ரொட்டியும் ரத்தத் தொத்திறைச்சியும் பிரித்து வைத்து உட்கார்ந்தோம். புர்கோஸ் பல்கலைக்கழகத்தில் சரித்திரம் படித்த மகள், வாய் நிறையச் சாப்பாட்டோடு கேட்டாள்:

"பெரியம்மா, என் பேரு எங்கேருந்து வந்துச்சு தெரியுமா?"

"தெரியாம என்ன? தொலேதோவை ஆண்ட முஸ்லிம் ராஜாவோட பொண்ணு. சிறையில கிடந்த கிறிஸ்தவங்களுக்கு மடியில ரொட்டியை ஒளிச்சு எடுத்துட்டுப் போனா. அப்பன்காரன் மறிச்சு, மடியைக் காட்டுன்னான். விரிச்சா, எல்லாம் ரோஜாப்பூ. அப்புறம் உதிரப்போக்கு வந்து, இந்தத் தண்ணில குளிச்சுக் குணமாகி, இங்கேயே தங்கிட்டா. அதான் பொம்பளைங்க குறையெல்லாம் அவகிட்ட வருது."

"கதை சரி, பேரு? பாட்டுன்னு அர்த்தம் வர்ற அரபிச் சொல்லுலேருந்து வந்திருக்கலாமாம். இத்தனை நூறு வருஷமா இந்த ஊர்க் கிறிஸ்தவங்க பொண்ணுங்களுக்கு அரபிப் பேரை வெச்சுட்டு இருக்கீங்க!"

"மெதுவாச் சொல்லுடி, பாதிரியார் காதுல விழுந்தா உன் கல்யாணத்தை நிறுத்திடுவார்!"

நானும் சிரித்தேன். முழுக் கதையையும் சொன்னவள் கதாநாயகியின் பெயரை மட்டும் சொல்லவில்லை என்பது அப்புறம்தான் உறைத்தது. இன்னும் ஒரு மாதத்தில் மகள் கல்யாணமாகி சந்தாந்தேர் நகரத்துக்குப் போய்விடுவாள். இன்று பேசாமல் விட்டால் என்றுமில்லை.

மாப்பிள்ளையிடமிருந்து அழைப்பு வந்து மகள் கைபேசியோடு எழுந்து போனாள். நாங்கள் இருவரும் கிணற்றடிக்கு இறங்கினோம்.

"அக்கா, அன்னைக்கு நீ படி ஏறினப்ப, மிச்சமிருந்த பாதி ஓட்டை நான் போட்டுட்டேன்."

"தெரியும்."

"எப்படி?"

"எனக்குக் கோளாறு வயித்துலதான், காதுல இல்ல. இன்னொரு தடவையும் தண்ணி சத்தம் கேட்டுச்சு. சின்னப் பொண்ணு, ஆசைப்பட்டுட்டான்னு நினைச்சேன்."

"அப்ப இத்தனை வருஷமா..."

"ஓட்டை யாரு வேணா போடலாம் நிவெஸ். குழந்தை, கோயில்ல இருக்கறவ பார்த்துக் குடுக்கறது. ஆனா பேரு என்னோடது. நீ வந்து கேப்பேன்னு ஞானஸ்நானத்துக்கு முந்தின நாள் பூரா கதவைத் தாழ் போடாம உட்கார்ந்திருந்தேன். கேட்டிருந்தா சந்தோஷமாக் குடுத்திருப்பேன். நான் குடுத்தவளா இருந்திருப்பேன்ல? நீ என்னைப் பறிகொடுத்தவளா ஆக்கிட்டே."

ஒரே வீட்டில் மேல் தளத்தில் அவள், கீழ்த் தளத்தில் நான். நடுவே பதினாறு படி. மன்னிப்பைத்தான் கேட்க வேண்டும் என்று இவ்வளவு காலமும் நினைத்துக்கொண்டிருந்தேன். அவள் காத்திருந்தது அதற்கில்லை.

அவள் கையைப் பிடித்துக்கொண்டேன்.

"காசில்டாங்கற பேரை என் பொண்ணுக்குக் குடு, அக்கா."