கை தூக்கும் வரை

சட்டையின் முதுகுப் பக்கத்தைக் கீழிருந்து காலர் வரை ஒரே நேர்கோட்டில் வெட்டினாள் அக்கா. இருபத்தாறு வருடமாக டயாலிசிஸ் வார்டில் நர்ஸ். விறைத்துப்போன கைகளுக்குச் சட்டை மாட்டுகிற வழி அவளுக்குத் தெரியும். ஆனால் இதுவரை எந்தச் சட்டைக்குள்ளும் தம்பி இருந்ததில்லை.

"புதுச் சட்டைடி. அதைப் போய் இப்படிக் கிழிக்கிற?" என்றாள் அம்மா.

"முன்னாடி பார்த்தா தெரியாதும்மா."

"இதைப் போட்டுக்கிட்டு ஒரு கல்யாணத்துக்காவது வாடான்னு தலைதலையா அடிச்சுக்கிட்டேன். கறுப்பு பனியனை விட்டா வேற துணியே இல்லாத மாதிரி திரிஞ்சான். இன்னைக்காவது வெள்ளையில இருக்கட்டும்."

தம்பியின் முன்னங்கையில் 'ஈயம்' என்று பச்சை குத்தியிருந்தது. அவனுடைய இசைக்குழுவின் பெயர். அக்கா அதன் மேல் முழுக்கையை இழுத்து விட்டுப் பித்தானைப் போட்டாள். நாற்பத்தேழு வயதில் அவன் தலையில் நரை இவ்வளவு இருந்ததை இப்போதுதான் பார்த்தாள்.

"கஷ்டப்பட்டிருப்பானாடி?"

ஞாயிற்றுக்கிழமை சாயங்காலத்திலிருந்து அம்மா இதைப் பத்துத் தடவையாவது கேட்டிருப்பாள்.

"இல்லம்மா. ஆமை சொன்னான்ல? விழுந்த உடனே ஆம்புலன்ஸுக்குப் போன் பண்ணிட்டாங்க. ஒரு நிமிஷம்கூட இல்ல. அதுக்குள்ள முடிஞ்சிருச்சு."

அம்மா தலையாட்டினாள். அந்த ஒரு நிமிடத்தைப் பிடித்துக்கொண்டுதான் இரண்டு நாளாக நடமாடுகிறாள்.

ஆமை, ஈயத்தின் டிரம்மர். தொழில், ரொட்டிக் கம்பெனி வேன் ஓட்டுவது. இருபத்துமூன்று வருடத்துக்கு முன்னால், குழாய்ச் சாமான் கடைக்குக் கீழே ஒரு நிலவறையில் தம்பியும் அவனும் ஆரம்பித்தது பங்க் குழு. பள்ளியில் விஞ்ஞானம் சொல்லிக்கொடுக்கிற டீச்சர் ஒருத்தி பேஸ் கிட்டார் வாசிக்க வந்து சேர்ந்தாள். ஒரு பாட்டு ஒன்றரை நிமிடம். கேட்பவன் காதைப் பொத்துவதற்குள் முடிந்துவிடும். அப்புறம் டிரம்மர் ஏணியிலிருந்து விழுந்து மணிக்கட்டை உடைத்துக்கொண்டான். நாலு மாதம் ஒற்றைக் கையால் வாசித்ததில் பாட்டெல்லாம் கால்வாசி வேகத்துக்கு இறங்கியது. மற்ற யாராக இருந்தாலும் வேறு டிரம்மரைத் தேடியிருப்பார்கள். தம்பி கண்ணை மூடிக் கேட்டுவிட்டு, "இதுதான்டா!" என்றான். கிட்டார் தந்திகளைத் துணி காயப்போடுகிற கொடி மாதிரி தளர்த்தினான். டிரம்மருக்கு ஆமை என்று பெயர் வந்தது. இந்த வகை இசைக்கு டூம் மெட்டல் என்று பெயர் உண்டு என்பதே அவர்களுக்கு ஒரு வருடம் கழித்துத்தான் தெரிந்தது.

அதற்குப் பிறகு ஐந்து ஆல்பங்கள். முதல் கேசட்டில் விற்காதவை இன்னும் அக்காவின் கட்டிலடியில் கிடக்கின்றன. ரொட்டி வேனிலேயே ஊர் ஊராகப் போனார்கள். ஓர் ஊரில் ஆறு பேர் வந்தார்கள். அதில் இரண்டு பேர் மழைக்கு ஒதுங்கியவர்கள். எங்கோ கடல் தாண்டி ஒருவன் 'ஈயம்' என்று முதுகில் பச்சை குத்திக்கொண்டு படம் அனுப்பினான், எழுத்துகள் தலைகீழாக. தம்பி அதைச் சட்டம் போட்டு மாட்டி வைத்தான். பகலெல்லாம் லிஃப்ட் மெக்கானிக். "காலையில ஜனங்களை மேல ஏத்துறான், சாயங்காலம் பாதாளத்துக்கு இறக்குறான்" என்பான் ஆமை.

பெட்டியை முன்னறையில் வைத்தார்கள். தெருவில் ஈயத்தின் ரசிகர்கள், கறுப்புச் சட்டைக்காரர்கள் முப்பது பேர் போல, பரீட்சைக்கு வந்தவர்கள் மாதிரி வாயைத் திறக்காமல் நின்றார்கள். அதில் சலூன்காரர் மட்டும் உள்ளே வந்தார். முதல் கேசட்டிலிருந்து ஒரு நிகழ்ச்சியும் விடாதவர்.

"கடைசி வரைக்கும் நான் இல்லாம போயிட்டேனேக்கா," என்றார். "கஸ்டமர் ஒருத்தர் வந்து கடை வாசல்ல நிக்கிறேன்னு போன் பண்ணாரு. ஓடிட்டேன். என்ன பாட்டுக்கா அது! எப்பவும் கடைசிப் பாட்டுல அண்ணன் மேடையில படுத்ததும் மூணு நிமிஷத்துல கை தூக்கிருவாரு, பாட்டு முடிஞ்சிரும். அன்னைக்கு நான் கிளம்பறப்பவே அவர் படுத்து எட்டு நிமிஷம். கையே தூக்கல. அதுக்கப்புறம் எழுந்து நிக்கிறப்பதான் விழுந்தாராமே? ஆமை சொன்னான்."

அக்கா கையிலிருந்த டீ டம்ளரை மேசையில் வைத்தாள்.

எட்டு நிமிடம்.

"டீ குடிச்சிட்டுப் போங்க," என்று சொல்லிவிட்டுச் சமையலறை வழியாகப் பின்பக்கம் போனாள். அங்கே டீச்சர் கழுவின டம்ளரையே திரும்பத் திரும்பக் கழுவிக்கொண்டிருந்தாள். அக்காவின் முகத்தைப் பார்த்ததும் குழாயை மூடினாள்.

ஆமை காலையிலிருந்து வீட்டுக்குள் வரவில்லை. பின் சந்தில் வேனின் கதவைத் திறந்து வைத்து, காலி ரொட்டித் தட்டுகளுக்கு நடுவே உட்கார்ந்திருந்தான்.

"எட்டு நிமிஷத்துக்கு மேலயாமே?" என்றாள் அக்கா.

அவன் நிமிரவில்லை. "சலூன்காரரா?"

"யாரா இருந்தா என்ன. ஆமாவா இல்லையா, அதைச் சொல்லு."

"ஆமாக்கா. எண்ணிக்கிட்டே வாசிக்கிறவன் நான். வழக்கமா பதினாறு சுத்து. அன்னைக்கு நாப்பத்தெட்டு. ஒம்போது நிமிஷம்."

"ஒருத்தருக்கும் கண்ணு இல்லையாடா?"

"கண்ணு இருந்துச்சுக்கா. எப்பவும் எப்படிப் படுப்பானோ அப்படியேதான் படுத்தான். கிட்டாரை நெஞ்சு மேல போட்டுக்கிட்டு, தலையை ஸ்பீக்கர் பக்கம் வச்சுக்கிட்டு. அவன் தந்தியைத் தொடவே வேணாம், கிட்டார் அது பாட்டுக்கு அலறிக்கிட்டிருக்கும். நான் கை தூக்கற வரைக்கும் எவனும் நிறுத்தக் கூடாதுன்னு அவன் போட்ட சட்டம். ஒரு தடவை கரண்ட் போச்சுன்னு நான் நிறுத்திட்டேன். ரெண்டு வாரம் எங்கிட்ட பேசல. கரண்ட் போனா என்ன, உன் டிரம்முக்கு எதுக்குடா கரண்ட்டுன்னு கேட்டான்."

அக்காவுக்கு அவனை அடிக்க வேண்டும் போலிருந்தது. தட்டின் கம்பியைப் பிடித்துக்கொண்டாள்.

"இருபது சுத்து தாண்டினதும் டீச்சர் என்னைப் பார்த்துச் சிரிச்சா. இவன் இன்னைக்கு விடமாட்டான் போலன்னு நானும் சிரிச்சேன். எதிர்ல ஜனம் ஆடாம அசையாம நிக்குது." அவன் குரல் இறங்கியது. "சொன்னா செருப்பால அடிப்பீங்க. இருபத்திமூணு வருஷத்துல நாங்க வாசிச்சதுலயே அதுதான்க்கா நல்லா இருந்துச்சு."

சந்தில் ஒரு சைக்கிள் போயிற்று. இருவரும் அது முனையில் திரும்புகிற வரை பார்த்தார்கள்.

"நீங்க நர்ஸு. சொல்லுங்க. மொதல் சுத்துலயே நிறுத்தியிருந்தா?"

நாலு நிமிடம் என்று அவளே புதிய நர்ஸுகளுக்குச் சொல்லிக்கொடுத்திருக்கிறாள். இதயம் நின்ற நாலு நிமிடத்துக்குள் நெஞ்சை அழுத்த ஆரம்பிக்க வேண்டும். ஒவ்வொரு நிமிடமும் கணக்கு.

அவள் வாயைத் திறப்பதற்குள் அம்மா பின்வாசலுக்கு வந்துவிட்டாள்.

"ஏம்பா, காலையிலேருந்து இங்கயா உக்காந்திருக்க? தூக்கறதுக்கு நாலு பேர் வேணும். அவனுக்கு ஒரு அண்ணனோ தம்பியோ இருந்தா உன்னை ஏன் கூப்பிடப்போறேன்?"

"நான் வேணாம்மா. வேற யாராவது..."

"வேற யாரு?" அம்மா வேன் பக்கத்தில் வந்து அவன் முழங்காலில் கை வைத்தாள். "நீ பக்கத்துல இருந்தவன். உன் வாயால ஒரு தடவை சொல்லு. எம்புள்ள கஷ்டப்பட்டானா?"

ஆமையின் உதடு பிரிந்தது. உண்மை முழுவதும் வெளியே வந்துவிடப்போகிறது என்று அக்காவுக்குத் தெரிந்தது.

"இல்லம்மா," என்று முந்திக்கொண்டாள். "வாசிச்சுக்கிட்டே போயிட்டான். அவனுக்கே தெரிஞ்சிருக்காது."

அம்மா ஆமையைத்தான் பார்த்தாள். அவன் மெல்லத் தலையாட்டினான்.

"எத்தனை பேரு வந்திருந்தாங்க?"

"நாப்பத்தொண்ணும்மா."

"நாப்பத்தொண்ணா!" அம்மா சேலைத் தலைப்பால் மூக்கைத் துடைத்தாள். "போன தடவை இருபதுன்னான். சரி, வா. தலைமாட்டுப் பக்கம் நீ புடி."

ஆமை அக்காவைப் பார்த்தான். அக்கா வேன் கதவிலிருந்து நகர்ந்து வழி விட்டாள்.

பெட்டியைச் சவ வண்டியில் ஏற்றினார்கள். அம்மாவும் டீச்சரும் அதிலேயே ஏறிக்கொண்டார்கள். அக்காவுக்கும் இடம் இருந்தது. அவள் ரொட்டி வேனின் முன் சீட்டில் போய் உட்கார்ந்தாள். பின்னால் சலூன்காரரின் ஸ்கூட்டரும் கறுப்புச் சட்டைக்காரர்களின் வண்டிகளும் வரிசை கட்டின.

வேன் இரண்டு தெரு தாண்டியது.

"அம்மாகிட்ட சொன்னதையே எங்கிட்டயும் சொல்லாதீங்கக்கா," என்றான் ஆமை, சாலையைப் பார்த்தபடி.

அக்கா மடியில் கைகளைக் கோத்துக்கொண்டாள். இல்லை என்று சொன்னால் போதும். நர்ஸ் சொன்னால் நம்புவான். வார்டில் எத்தனையோ பேரிடம் அந்தப் பொய்யை நல்ல முகத்தோடு சொல்லியிருக்கிறாள்.

"பொழைச்சிருக்க வாய்ப்பு இருந்துச்சு," என்றாள். "எவ்வளவுன்னு யாராலயும் சொல்ல முடியாது. ஆனா இருந்துச்சு."

ஆமையின் கைகள் ஸ்டியரிங்கை இறுக்கின. "ம்" என்றான்.

"ஒரே ஒரு தடவை நான் உங்க நிகழ்ச்சிக்கு வந்தேனே, ஞாபகம் இருக்கா? பதினோரு வருஷம் ஆச்சு."

"இருக்கு. காதுல பஞ்சு வச்சுக்கிட்டு."

"அவன் படுத்ததும் எனக்குப் பகீர்னு ஆயிருச்சு. மேடையில ஏறிக் கழுத்துல விரல வச்சு நாடி பார்த்தேன். ஒத்தக் கண்ணத் திறந்து, 'அக்கா, மானத்த வாங்காத, கீழ இறங்கு'ங்கிறான். ஜனமெல்லாம் விசிலடிக்குது, இதுவும் பாட்டுல சேர்த்தின்னு."

ஆமை சிரிக்கப் பார்த்தான். சிரிப்பு பாதியில் வேறு என்னவோ ஆயிற்று.

"அன்னைக்கோட நான் வர்றதை விட்டுட்டேன். போன ஞாயித்துக்கெழமை காலையில போன் பண்ணி, பின்னாடி உக்காந்துக்கோ, சத்தம் கம்மியா இருக்கும், வாயேன்னான். டூட்டி இருக்குன்னு சொல்லிட்டேன்." அக்கா கண்ணாடி வழியே வெளியே பார்த்தாள். "டூட்டி இல்ல. வீட்டுல போர்வை துவைச்சுக்கிட்டிருந்தேன்."

"அக்கா..."

"வந்திருந்தா மறுபடியும் மேடையில ஏறியிருப்பேன்டா. அவன் எவ்வளவு திட்டினாலும்."

முன்னால் போன சவ வண்டி சிக்னலைத் தாண்டியது. விளக்கு சிவப்பானது. ஆமை வேனை நிறுத்தினான். பின்னால் ஒவ்வொன்றாக எல்லா வண்டிகளும் நின்றன. பேருந்து நிறுத்தத்தில் ஒரு பெண் குழந்தைக்குச் செருப்பு மாட்டிவிட்டுக்கொண்டிருந்தாள். குழந்தை காலை மாற்றி மாற்றி நீட்டிற்று.

விளக்கு பச்சையானது. வேன் நகரவில்லை. அக்கா போ என்று சொல்லவில்லை. பின்னால் யாரும் ஹாரன் அடிக்கவில்லை.

விளக்கு மறுபடியும் சிவப்பானது.