பெயருக்கு மேல் வெள்ளை டேப்

மாலியை விற்றுவிட்டார்கள் என்று நான் சொன்னால் அலுவலகத்தில் முகம் சுளிப்பார்கள். மாற்றினார்கள் என்று சொல்ல வேண்டுமாம். வேறோர் அணியின் சின்ன வயது ஆட்டக்காரன் ஒருவனைப் பதிலுக்கு வாங்கிக்கொண்டு, பனியே விழாத தெற்கு ஊர் ஒன்றுக்கு அவனை அனுப்பினார்கள். காலையில் பயிற்சிக்கு வந்தவன் சாயங்காலம் விமானத்தில் இருந்தான். ஐஸ் ஹாக்கியில் இதெல்லாம் சகஜம். எனக்குத்தான் இன்னும் வயிறு எரிகிறது.

என் பெயர் வெர்னா. ஆட்டக்காரர்களை மருத்துவமனை, பள்ளிக்கூடம் என்று ஊருக்குள் அழைத்துப்போவது அணியில் என் வேலை. பெரும்பாலான பையன்களைக் காரில் ஏற்றுவதற்குள் உயிர் போய்விடும். கேமரா நின்றதும் வாசலைப் பார்ப்பார்கள். ஒரெஸ்ட் மலன்சுக் அப்படி இல்லை. களத்தில் எதிரணியோடு கைகலப்புக்கென்றே அணி வைத்திருந்த ஆள், மூக்கு ஒரு பக்கமாக ஒடிந்திருக்கும். எங்கள் ஆட்டத்தில் எல்லோர் பெயரையும் சுருக்கிவிடுவார்கள். அவன் மாலி ஆனான்.

செவ்வாய்க்கிழமை காலைகளில், நடக்க முடியாத பிள்ளைகள் ஆடும் அரங்குக்கு அவனாகவே வருவான். அந்தப் பிள்ளைகள் அடியில் தகடு பொருத்திய சின்ன வண்டியில் உட்கார்ந்து, இரண்டு கையிலும் குட்டை மட்டையை ஊன்றிப் பனிமேல் பறப்பார்கள். அவர்களை வண்டியோடு சேர்த்துப் பட்டையால் இறுக்கிக் கட்டுவது மாலி. எல்லோருக்கும் தன் பெயர் போட்ட ஜெர்சியும் வாங்கிக் கொடுத்திருந்தான்.

"மெதுவா கட்டு மாலி, நான் என்ன உருளைக்கிழங்கு மூட்டையா?" என்பாள் டெல்ஃபின். நாலாம் வகுப்புதான், வாய் மட்டும் ஊர்வரைக்கும் நீளும்.

"மூட்டைன்னா கட்டின இடத்துல கிடக்கும். நீ எங்க கிடக்குற?"

"நேத்து அடி வாங்கினியே, டிவில பார்த்தேன். எங்கம்மா உன்னவிட நல்லா அடிப்பாங்க."

"அப்ப அடுத்த ஆட்டத்துக்கு உங்கம்மாவ அனுப்பு. என் மூக்காவது மிஞ்சும்."

மாலியின் மனைவி பிரிந்து போய் நாளாகியிருந்தது. பெற்றோர் இல்லை. ஆற்றோரத்தில் அவனுக்குப் பெரிய வீடு, உள்ளே ஒரு சோபாவும் ஒரு டிவியும். ஒருமுறை எதையோ கொடுக்கப் போனபோது, தயவுசெய்து உட்காருங்கள் என்று கெஞ்சுகிற மாதிரிச் சொன்னான். எனக்கு வேலை இருந்தது, கிளம்பிவிட்டேன்.

ஊருக்கு உழைத்த ஆட்டக்காரருக்கு ஆண்டுதோறும் கார்னட் பைல் நினைவு விருது கொடுப்பார்கள். ஒவ்வோர் அணியும் ஒருவர் பெயரை அனுப்பும். அந்தக் குளிர்காலத்தில் மாலியின் பெயரை நான் எழுதி அனுப்பினேன். மார்ச்சில் அவனை மாற்றினார்கள். ஜூனில் விருது அவனுக்குத்தான் என்று அறிவிப்பு வந்தது. எங்கள் ஊருக்காக விருது, அவனோ எங்கள் ஊரில் இல்லை.

"வெர்னா, விருது விழால பக்கத்துல குடும்பத்துக்குன்னு ஒரு நாற்காலி போடறாங்க. நீங்க வர்றீங்களா?" என்று போன் செய்தான்.

போனேன். சுற்றிலும் மனைவிகள், குழந்தைகள். எங்கள் மேசையில் நாங்கள் இரண்டு பேர். தன் நேரத்தையெல்லாம் ஊருக்கு அள்ளிக் கொடுத்தவர் என்று மேடையில் வாசித்தார்கள். நான் எழுதிய வரி அது. மாலி என் காதருகே குனிந்தான்.

"குடுத்தேன்கிறாங்க. செவ்வாய்க்கிழமை அங்க போகலன்னா நான் வேற எங்க போயிருப்பேன்?"

நான் அவன் பக்கம் திரும்பினேன். அதற்குள் கோப்பையை வாங்க அவன் பெயரைக் கூப்பிட்டுவிட்டார்கள்.

அதன்பிறகு செவ்வாய்க்கிழமைதோறும் போன் வரும். டெல்ஃபினுக்கு யார் கட்டுகிறார்கள், இடது பட்டையை ஒரு துளை கூட்டி இறுக்க வேண்டும், சொன்னீர்களா என்பான்.

"அந்த ஊர்லயும் பிள்ளைங்க இருப்பாங்களேடா?"

"கேட்டேன். அடுத்த வருஷம் பார்க்கலாம்னாங்க." உடனே பேச்சை மாற்றினான். "நவம்பர்ல அங்க ஆட வர்றோம். செவ்வாய்க்கிழமை. காலைல கப்ப எடுத்துட்டுப் பிள்ளைங்ககிட்ட வந்துடறேன். என்னை மறந்திருக்க மாட்டாங்கல்ல?"

"மறப்பாங்களா? போடா."

அந்தச் செவ்வாய்க்கிழமை மூச்சு விட்டால் மீசை உறையும் குளிர். கோப்பையைத் துண்டில் சுற்றிக் குழந்தையைப் போல அணைத்தபடி டாக்ஸியில் வந்து இறங்கினான். சவரம் செய்து, கோட் போட்டிருந்தான். சேர்ந்துதான் உள்ளே போனோம்.

பிள்ளைகள் எல்லோரும் அவன் கொடுத்த ஜெர்சியில்தான் இருந்தார்கள். முதுகில் அவன் பெயருக்கு மேல் வெள்ளை டேப். மட்டைக்குச் சுற்றுவோமே, அதே டேப். அதன்மேல் கறுப்பு மையில் 'பெக்மன்'.

எங்கள் ஊரில் யாரும் ஜெர்சியைத் தூக்கி எறிவதில்லை. ஆள் போய்விட்டால் டேப் ஒட்டிப் புதுப் பெயர் எழுதிக்கொள்வோம், பெரியவர்களும்தான். மாலிக்குப் பதிலாக வந்த பையன்தான் பெக்மன். முந்தின ஆட்டத்தில் முதல் கோல் போட்டிருந்தான், அதற்காகப் பிள்ளைகள் அன்று காலை செய்த வேலை இது. எனக்குத் தெரியாது. தெரிந்திருந்தால் கதவிலேயே நிறுத்தியிருப்பேன்.

"ஏய் மாலி! மூக்கு இன்னும் இருக்கா?" என்று கத்தினாள் டெல்ஃபின். கோப்பையைத் தட்டிப் பார்த்தாள். "இதுல சூப் குடிக்கலாமா?"

"உனக்குன்னா குடிக்கலாம்."

"அப்புறமா. பெக்மன், சீக்கிரம் கட்டு, நேரமாச்சு!"

பட்டையோடு நின்ற பெக்மன் பக்கம் திரும்பிக்கொண்டாள். அவள் முதுகில் டேப்பின் ஓரம் பிய்ந்து, அடியில் அவன் பெயரின் முதல் எழுத்து தெரிந்தது. அதை ஒரே இழுப்பில் உரித்தெறிய நான் கையை நீட்டினேன். மாலி என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டான்.

கோப்பையைப் பெஞ்சில் வைத்துவிட்டு அவள் பின்னால் மண்டியிட்டான். பிய்ந்த ஓரத்தைக் கட்டைவிரலால் அழுத்தி, ஒரு முனையிலிருந்து மறுமுனைவரை தேய்த்து ஒட்டினான். அவன் எழுத்து மறைந்தது.

"ஈரத்துணில இது நிக்காது. துடைச்சுட்டு ஒட்டணும்," என்றான் பெக்மனிடம். "அப்புறம் அந்த இடது பட்ட..."

"ஒரு துளை கூட்டணும். அவளே சொல்லிட்டா," என்று சிரித்தான் பெக்மன். நல்ல பையன், அவனைத் திட்டவும் முடியாது.

அடுத்த செவ்வாய்க்கிழமை போன் வரவில்லை. பொறுத்துப் பார்த்துவிட்டு நானே கூப்பிட்டேன்.

"யார் கட்டுனாங்கன்னு கேக்க மாட்டியா?"

"பெக்மன் கட்டியிருப்பான்."

"நீ என்ன பண்ணிட்டிருக்க?"

"சோபால உட்கார்ந்திருக்கேன்," என்றான்.