படித்துறையில் மறுத்த தட்டு

குடகில் பிறந்து, அகன்று, கிளைத்து, திருவையாற்றைத் தழுவிக் கீழ்த்திசை செல்லும் காவிரியின் இருகரையிலும் குறுவைப் பயிர் கதிர்வாங்கி நிற்க, வாய்க்கால்தோறும் நீர் சலசலக்க, வெயில் மேற்கே சாயத் தொடங்கிய ஆவணித் திங்கள் பிற்பகல் அது, அன்பரே. ஊருக்கே பெரிய வீடாகிய தியாகராசனாரின் மாளிகையில் மட்டும் கதவும் பலகணியும் அடைத்து இருளாக்கியிருந்தனர். சிங்கப்பூரிலிருந்து வந்திருந்த சிற்றப்பா, ஏழாண்டுகட்கு முன் தைப்பூச நீராட்டன்று தாம் பிடித்துச் சென்ற ஓசையில்லாப் படச்சுருளைச் சுவரில் ஓட்டிக்காட்ட வந்தமர்ந்தார்.

முன்வரிசையில் இருந்தாள் தியாகராசனாரின் தங்கை சாவித்திரி. பூதலூர் ரெத்தினத்தின்மேல் நெஞ்சை வைத்து, பூசத்தன்று பெண் கேட்டு வருவேன் என்ற அவன் சொல்லை நம்பிக் காத்திருந்து, அவன் வரவேயில்லை என்று அண்ணன் உரைக்கக் கேட்டு, வேறெவரையும் மணக்க மனமின்றி முப்பதைக் கடந்தவள். அவனோ மறு ஆண்டே மணம் முடித்து வடநாடு சென்றுவிட்டான். அந்தப் பூசத்துக்குச் சற்று முன்தான் அரசு நிலத்துக்கு வரம்பு கட்டியிருந்தது. வரம்புக்கு மிஞ்சிய இரண்டு வேலி நிலத்தைத் தங்கை பெயரில் எழுதிவைத்த அண்ணனின் அன்பை ஊரே புகழ்ந்தது. ஊருக்கென்ன, புகழ்வதற்குக் கூலியா கேட்கிறது!

சுவரில் காவிரி ஓசையின்றி ஓடிற்று. படித்துறையின் மேலே பட்டு வேட்டியோடு தியாகராசனார். பத்துப் படி கீழே, முதுகு காட்டி நின்று, நீரில் பூவிடும் சாவித்திரி. அப்போது, தன் தாய்மாமன் பின்தொடர, வெற்றிலையும் பூவும் பழமும் நிறைந்த தட்டை இருகையிலும் ஏந்தி ரெத்தினம் வந்தான். அண்ணனின் வாய் அசைந்தது. கை தட்டைத் தள்ளிற்று. ரெத்தினம் கீழ்ப்படியையே பார்த்து நின்றான், நெடிது நின்றான், பிறகு தட்டோடு திரும்பி நடந்தான்.

சாவித்திரி குரலை உயர்த்தவில்லை.

"அவங்ககிட்ட என்ன சொன்னீங்கண்ணே?"

தியாகராசனார் தரையைப் பார்த்தபடி விடை சொன்னார்.

"ஒனக்கு விருப்பமில்லைன்னு சொன்னேம்மா. நீ போனா நெலமும் ஒங்கூடப் போயிடுமேன்னு பயந்துட்டேன்."

அவள் படத்தை மீண்டும் ஓட்டுமாறு சிற்றப்பாவை வேண்டினாள். ரெத்தினம் மீண்டும் தட்டேந்தி வந்தான். வரவில்லையே என்று ஏழாண்டு அழுத கண்கள், வந்தானே என்று இப்போது அழுதன. அவன் கீழ்ப்படியைப் பார்த்து நின்ற அந்தச் சிறுபொழுதில், ஒன்றும் அறியாமல் பூவிட்டுக்கொண்டிருந்த தன் பழைய உருவை நோக்கி, "திரும்பிப் பாருடி" என்றாள் மெல்ல.

சுவரில் நின்றவள் திரும்பவில்லை.